நேசன் கைக்கு ஏற்ற கொழுக்கி

ஆண்டவருடைய கிருபையால் வேலையிலிருந்து இளைப்பாறி வீட்டில் இருக்கிறேன். காலையில் பூசை, பின்னேரம் செபமாலை, நடுவில் மனைவி அனுப்பும் சந்தைக்குப் போய்த் தவறான மீனை வாங்கி வந்து பேச்சுக் கேட்பது. மீன்பிடி ஊரான பள்ளிமுனையில் பிறந்தவனுக்கு மீன் பார்த்து வாங்கத் தெரியவில்லை என்பது அவளுக்கு இன்றும் ஆறாத விஷயம். எனக்குப் பார்க்கத் தெரிந்தது விளையாட்டுச் சாமான். மன்னார் பட்டினத்தில் ஒரே கடையில், ஒரே முதலாளியிடம், தலை நரைக்கும் வரை நின்றேன்.

முதலாளி முசலிப் பக்கத்து முஸ்லிம் மனிதர். ஹஜ் செய்து வந்தவர் என்பதால் எல்லாருக்கும் ஹாஜியார். அவர் மௌத்தாகிவிட்டார். கடையை இப்போது மகன் நடத்துகிறார். போன மாதம் அவர் என் வீட்டுக்கு வந்து கதிரையில் இருந்து தேத்தண்ணி குடித்துவிட்டுச் சொன்னார்.

“சூசையண்ணை, ஆக்கள் இப்ப கடைக்கு வாறது குறைவு. போனில படத்தைப் பாத்திட்டு, எது மலிவு, எது நல்லம் எண்டு கேட்டு மெசேஜ் போடுறாங்க. வில்லு விடுறவங்கதான் கூடக் கேக்கிறாங்க. வாப்பா இருந்தா என்ன சொல்லியிருப்பார் எண்டு எழுதித் தாங்க. வில்லுக் கழகத்து மலரிலயும் போடலாம்.”

“ஒரு வசனத்தில எழுதலாம் தம்பி.”

“அப்ப எழுதுங்களன்.”

“எழுதலாம். ஒருத்தருக்கும் விளங்காது.”

அதனால்தான் நீட்டி எழுதுகிறேன். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். பிழை இருந்தால் திருத்தி வாசியுங்கள்.

கடையில் சேர்ந்த காலத்தைப் பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றும் இல்லை. கூட்டினேன், தூசு தட்டினேன், பந்துக்குக் காற்றடித்தேன், பிறகு விற்றேன். ஹாஜியாரிடம் ஒரு பழக்கம் இருந்தது. எந்தச் சாமானையும் வாங்குகிறவர் உடம்பில் வைத்துப் பார்க்காமல் கொடுக்க மாட்டார். சப்பாத்து என்றால் போட்டுக்கொண்டு கடைக்கு வெளியே றோட்டில் நடக்க வேண்டும். மட்டை என்றால் பிடித்து நிற்க வேண்டும். மகனுக்குச் சப்பாத்து வாங்க வந்த தகப்பன், “கால் அளவை நூலில எடுத்துக்கொண்டு வந்தனான்” என்று சொன்னால், “நூலுக்கா விக்கிறது? காலைக் கூட்டிட்டு வாங்க” என்பார். கோபத்தோடு சொல்ல மாட்டார். சொல்லிவிட்டுச் சிரிக்கவும் மாட்டார். அந்தக் குரலில் மறுத்துப் பேச ஒரு இடமும் இருக்காது. அதனால் போன வியாபாரமும் உண்டு. நிலைத்த வியாபாரமும் உண்டு.

பிறகு பட்டினத்தில் வில்வித்தைக் கழகம் ஒன்று தொடங்கியது. நாங்களும் வில்லுச் சாமான் எடுத்து வைத்தோம்.

தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். கொம்பவுண்ட் வில் என்பது இரண்டு முனையிலும் கப்பி வைத்த வில். அதன் நாணை வெறும் விரலால் இழுத்து விடுவதில்லை. நாணின் நடுவில் சின்னதாக ஒரு கயிற்று வளையம் கட்டியிருக்கும். உள்ளங்கைக்குள் அடங்கும் ஒரு கருவியின் வாயை அந்த வளையத்தில் மாட்டி இழுக்க வேண்டும். கை தாடையோடு வந்து படிந்ததும் குறி பார்த்து, கருவியின் வாயைத் திறந்தால் அம்பு போகும். அந்தக் கருவியை இங்கிலிசில் றிலீஸ் என்பார்கள். ஹாஜியார் கொழுக்கி என்றார். நாங்களும் அப்படியே சொல்லிப் பழகிவிட்டோம்.

கொழுக்கியில் எங்களிடம் மூன்று வகை இருந்தது. முதலாவது பட்டிக் கொழுக்கி. மணிக்கட்டில் கட்டிக்கொள்வது. இழுக்கும் பாரம் பட்டியில் வரும். வாயைத் திறக்கும் விசையைச் சுட்டுவிரலால் தொட வேண்டும். விலையில் இதுதான் ஆகக் குறைந்தது. இரண்டாவது சுழல் கொழுக்கி. அதில் விசையே கிடையாது. பிடியை விரல்களுக்குள் மெல்லத் திருப்பினால் வாய் திறக்கும். மூன்றாவது பெருவிரல் கொழுக்கி. விரல்களால் பிடித்துக்கொண்டு பெருவிரலால் விசையை அழுத்துவது. அதுதான் விலை கூடியது. எங்கள் கண்ணாடி அலுமாரியில் ஒன்றே ஒன்று இருந்தது. வந்தவர்கள் எல்லாரும் முதலில் அதைத்தான் பார்ப்பார்கள்.

கொழுக்கி வாங்க வருகிறவர்களுக்காகச் சுவரில் ஒரு ஆணியில் நைலோன் கயிறு தொங்கும். பள்ளிமுனையில் வலைக்காரர்கள் பாவிக்கும் சாதாரணக் கயிறுதான். அதை வாங்குகிறவரின் கை நீளத்துக்கு வளையமாக முடிந்து, ஒரு பக்கத்தை இடது கைப் பெருவிரல் இடுக்கில் கொடுப்போம். மறுபக்கத்தில் கொழுக்கியை மாட்டி, முதலில் நெஞ்சுக்கு நேரே, பிறகு தாடைக்கு இழுக்கச் சொல்வோம். கொழுக்கி திறந்தால் கயிறு கீழே விழும். அவ்வளவுதான் சேதம். வில்லில் நடந்தால் சேதம் வேறு மாதிரி. ஹாஜியார் கதிரையில் இருந்தபடி முகத்தைப் பார்க்க மாட்டார், கையை மட்டும் பார்ப்பார். ஒரு முறை, இரு முறை என்று நிறுத்துவதில்லை. இழுக்கிறவர் தான் இழுப்பதை மறந்து வேறு கதை கதைக்கத் தொடங்கும் வரை இழுக்க விடுவார். “நினைச்சு இழுக்கிற கை பொய் சொல்லும்” என்பது அவருடைய பேச்சு.

மலிவான பட்டிக் கொழுக்கி வாங்குகிறவர்கள் கவனிக்க வேண்டியதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். பட்டி பக்கிள் வைத்ததாக இருக்க வேண்டும். அழுத்தினால் ஒட்டிக்கொள்ளும் பட்டி எங்கள் ஊருக்குச் சரிவராது. மணலும் உப்பும் ஏறினால் அது ஒட்டுவதை மறந்துவிடும். அரசாங்கக் கந்தோர் உத்தியோகத்தர் ஒருவர் சொல் கேளாமல் அதைத்தான் வாங்கினார். இழுத்த இழுவையில் பட்டி பிரிந்து, கொழுக்கி அம்போடு சேர்ந்து பறந்தது. அம்பைக் கண்டெடுத்தோம். கொழுக்கியைக் கழகமே சேர்ந்து பின்னேரம் வரை தேடியது. அடுத்தது, பட்டிக்கும் விசைக்கும் நடுவில் உள்ள கழுத்தின் நீளத்தைக் கூட்டவும் குறைக்கவும் ஒரு திருகாணி இருக்க வேண்டும். அது இல்லாததை இனாமாகத் தந்தாலும் எடுக்க வேண்டாம். விரல் நுனி எட்டித் தொட்டால் விசையைத் தட்டத்தான் வரும். விரலின் நடு மூட்டில் விசை படிந்தால்தான் மெல்ல இழுக்க வரும். விசை அளவுக்கு மிஞ்சி இலகுவாக இருப்பதும் ஆபத்து. வாய் மூடும்போது உள்ளே வெளிச்சம் தெரியக்கூடாது. கடற்காற்றுக்குத் துருப்பிடிக்கும், ஆகையால் தையல் மெசின் எண்ணெய் ஒரு துளி விட்டுத் துடைத்துவிட வேண்டும்.

இதெல்லாம் சாமானைப் பற்றியது. இனி நேசனைப் பற்றி.

நேசனுடைய ஆட்கள் முள்ளிக்குளத்தார். சிறுவனாக இருந்தபோது குடும்பத்தோடு இந்தியாவுக்குப் போய் அகதி முகாமில் வளர்ந்து, கலியாணம் முடித்துத் திரும்பி வந்தவன். முசலிக் கரையில் கரைவலைக்குப் போனான். மனைவி ரெஜினா வீட்டில் தையல் மெசின் வைத்துத் தைப்பாள், வலை வரும் நேரம் கரைக்குப் போய்க் கருவாட்டுக்கு மீன் எடுப்பாள். வலை இழுக்கும் விஞ்சில் கயிறு சுற்றும்போது நேசனுடைய வலது சுட்டுவிரல் போனது. வள்ளத்தில் ஏற்றுவதை அதற்குப் பிறகு நிறுத்திவிட்டார்கள். கரையில் மட்டும் நிற்கச் சொன்னார்கள்.

அவன் வில்லுக்கு வந்தது எப்படி என்று எனக்குச் சரியாகத் தெரியாது. கழகத்துக்குச் சொந்தமாக இருந்த ஒரே கொம்பவுண்ட் வில்லை அவனுக்குக் கொடுத்தார்கள், காரணம் அவனுடைய இடது கை. வில்லைப் பிடித்தால் அந்தக் கை ஆடாது. காற்றையும் அவனுக்குத் தெரியும். சோளகக் காற்று எப்போது ஓய்ந்து மூச்சு விடும் என்று மற்றவர்கள் கொடியைப் பார்த்துக்கொண்டு நிற்க, இவன் கண்ணை மூடிக்கொண்டு சொல்வான். கொழும்பிலிருந்து தெரிவாளர்கள் வந்து தேசியப் பயிற்சிக்கு ஆள் எடுக்கப் போகிறார்கள் என்று செய்தி வந்தபோது, கழகம் அனுப்ப இருந்த பெயர் அவனுடையதுதான்.

அதுவரை அவன் கழகத்துப் பட்டிக் கொழுக்கி ஒன்றைக் கைக்குள் பொத்திப் பிடித்து ஏதோ சமாளித்து விட்டுக்கொண்டிருந்தான். சுட்டுவிரல் இல்லாதவன் அதைச் சரியாகப் பாவிக்க ஏலாது என்று அவனும் நினைத்தான், எல்லாரும் நினைத்தோம். வெளிநாடு போன ஒருவர் தன் பழைய சுழல் கொழுக்கியை விட்டுப்போனார். கழகத்துப் பயிற்றுநர் அதை நேசனிடம் கொடுத்தார். அதில் பிழை சொல்ல முடியாது. விசையைத் தட்டிப் பழகியவர்களை அது திருத்தியிருக்கிறது. விசைக்கென்று ஒரு விரலும் தேவையில்லை.

நேசன் அதை மாட்டி இழுத்தான். பாதி இழுவையில், முழுப் பாரமும் கையில் இருக்கும்போது, கொழுக்கி திறந்தது. பின்னால் வந்துகொண்டிருந்த கை அப்படியே அவனுடைய வாயில் வந்து அடித்தது.

அதற்குப் பிறகு ஒரு நாள் அவனும் ரெஜினாவும் கடைக்கு வந்தார்கள்.

“ஹாஜியார், இவருக்கு ஒரு நல்ல புத்தி இருந்தா விப்பீங்களோ?” என்று கேட்டுக்கொண்டுதான் அவள் படியேறினாள்.

“அது ஸ்டொக் முடிஞ்சுது மகள். என்ன நடந்தது?”

“வாயைக் காட்டுங்கோ.”

நேசன் காட்டினான். மேல் வரிசையில் முன்பல் ஒன்று இல்லை.

“எங்கட புனிதர் செபஸ்தியார் உடம்பில வாங்கின அம்பு காணாதெண்டு இவர் தன்ர வாய்க்கு விட்டிருக்கிறார். இன்னொருக்கா அந்தச் சாமான் இவற்ர முகத்தில பட்டுதெண்டா வில்லைத் தூக்கிக் கடலில போடுவன், சொல்லிப்போட்டன்.”

“அது கழகத்து வில்லு” என்றான் நேசன்.

“அப்ப கழகத்தையும் சேத்துப் போடுவன்.”

ஹாஜியார் ஆணியிலிருந்து கயிற்றை எடுத்தார். “சூசை, தம்பிக்கு அளந்து முடி.”

பல்லைப் போக்கிய சுழல் கொழுக்கியையே முதலில் கயிற்றில் மாட்டி நெஞ்சுக்கு நேரே இழுக்கச் சொன்னார். பாதியில் திறந்து கயிறு விழுந்தது. திரும்பவும் அப்படித்தான். ஹாஜியார் கதிரையை முன்னுக்கு இழுத்துக்கொண்டு அவனுடைய விரல்களைப் பார்த்தார். கயிறு இழுத்துப் பழகிய கை அது. பாரம் வந்ததும் சின்னிவிரலும் பக்கத்து விரலும் இறுகி மணிக்கட்டு உள்ளுக்குத் திரும்பும். கடலில் அப்படித் திரும்பாவிட்டால் கயிறு வழுக்கிவிடும். சுழல் கொழுக்கிக்கு அந்தத் திருப்பம்தான் திறப்பு. வேறு யாருடைய கையாக இருந்தாலும் மேலே இருக்கும் சுட்டுவிரல் அதைத் தடுத்துப் பிடிக்கும். நேசனுக்கு அந்த விரல் இல்லை.

“இது வேண்டாம் ஹாஜியார். அலுமாரியில இருக்கிறதை எடுங்கோ” என்றான் நேசன். அவர்கள் பெருவிரல் கொழுக்கிக்குத் தயாராகத்தான் வந்திருந்தார்கள். ரெஜினா விருப்பமில்லாமல்தான் வந்தாள், ஆனால் வந்தாள்.

அதையும் கயிற்றில் மாட்டினோம். பாரம் வந்ததும் விரல்களோடு பெருவிரலும் சேர்ந்து பொத்திக்கொண்டது. கயிறு விழுந்தது. “பெருவிரலை விலக்கி வைச்சுக்கொண்டு இழுங்க” என்றார் ஹாஜியார். நேசன் நினைத்துக்கொண்டு இழுத்தான், விழவில்லை. ஹாஜியார் வலைப்பாடு எப்படி, மீன் எப்படி என்று கதை கொடுத்தார். நேசன் பதில் சொல்லத் தொடங்கியதும் கயிறு விழுந்தது.

இன்னொன்றையும் நான் கண்டேன். தாடைக்கு இழுக்கச் சொன்னபோது அவனுடைய கை தாடைக்கு வரவில்லை. ஒரு சாண் முன்னால் வந்து நின்றுவிட்டது. அவன் இழுக்க நினைக்கிறான், கை வர மறுக்கிறது. கயிற்றைக் கண்டே பயம்.

ஹாஜியார் கொழுக்கியை வாங்கித் துடைத்து அலுமாரியில் வைத்துப் பூட்டினார்.

“இதை உங்களுக்குத் தர மாட்டன் தம்பி.”

“ஏன், என்னட்டக் காசில்லையெண்டோ?”

“காசுக்கில்லை. நாளெடுத்துப் பழகினா இந்தக் கை திருந்தும். தெரிவுக்கு அவ்வளவு நாள் இல்லை. இதை வித்தா அடுத்த பல்லுக்கு நான்தான் பதில் சொல்லோணும். மறுமையில கேப்பாங்க.”

நேசனுக்கு முகம் கறுத்தது. “விரலில்லாதவனுக்கு விக்க மாட்டன் எண்டு நேராச் சொல்லுங்கோவன். வள்ளத்திலயும் அப்பிடித்தான் சொன்னவங்கள்.”

“தம்பி...”

“சூசையண்ணை, நீங்களும் பாத்துக்கொண்டு நிக்கிறீங்கள் என்ன?”

முதலாளி சொன்னது சரி என்று எனக்குத் தெரிந்தது. அவன் கேட்டதும் எனக்குக் குத்தியது. அவன் இறங்கிப் போய்விட்டான். ரெஜினா படியில் நின்று, “அப்ப முடிஞ்சுது. நாளைக்கு வில்லைக் குடுத்திட்டு வருவார்” என்றாள். அவள் கேட்டதுதான் கிடைத்தது. ஆனால் குரலில் சந்தோசம் இல்லை. “படுக்கையிலயும் கை வில்லுப் பிடிக்குது ஹாஜியார். அந்தக் கைக்கு இப்ப வேற ஒரு வேலையும் இல்லை” என்று சொல்லிவிட்டு அவனுக்குப் பின்னால் போனாள்.

கழகத்து ஒழுங்கு அப்படித்தான் இருந்தது. வில் ஒன்றுதான். தெரிவுக்கு நிற்க முடியாதவர் அடுத்தவருக்கு விட வேண்டும்.

அன்று மத்தியானம் ஹாஜியார் ளுஹருக்குப் பள்ளிவாசலுக்குப் போனார். நான் கடைக்குள் நின்று என்னுடைய மத்தியானச் செபத்தைச் சொன்னேன். எங்கள் கடையில் அது எப்போதும் அப்படித்தான், அவர் போக நான் கதவடியில். திரும்பி வந்தவர் தொப்பியைக் கழற்றாமலே கேட்டார்.

“சூசை, அந்தத் தம்பிட வலை எப்ப இழுப்பாங்க?”

“காலமையில. ஏன்?”

“கடையில பாத்த கை காணாது, வேலை செய்யிற கையைப் பாக்கோணும். நாளைக்குப் போவம்.”

அடுத்த நாள் கடையைத் திறக்கவில்லை. என் மோட்டார் சைக்கிளில் பின்னால் அவரை ஏற்றிக்கொண்டு முசலிப் பக்கம் போனேன். வெள்ளை உடுப்போடு, செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு மணலில் நடந்து வந்தவரைக் கண்டதும் வலைக்காரர் தொடங்கிவிட்டார்கள்.

“ஹாஜியார் வலைக்கு வந்திட்டார்! இனி எங்களுக்குப் பங்கில்லையடாப்பா!”

“ஹாஜியார், சப்பாத்துப் போட்டுப் பாத்தோ மீன் விப்பீங்கள்?”

“மீனைக் கூட்டிட்டு வாங்க, பாப்பம்” என்றார் அவர். வழக்கம்போல சிரிக்கவில்லை. அவர்கள்தான் சிரித்தார்கள்.

அன்று விஞ்ச் இல்லை. இருபக்கமும் ஆட்கள் கயிற்றில் நின்றார்கள். எங்கள் கரையில் கரைவலையை வெறும் கையால் மட்டும் இழுக்க மாட்டார்கள். இடுப்பில் அகலமான ஒரு பட்டி. பட்டியிலிருந்து வரும் சின்னக் கயிற்றை வலைக்கயிற்றில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு முதுகுப் பக்கமாகப் பின்னுக்கு நடப்பார்கள். பாரம் வந்தால் அந்தச் சுற்று இறுகும், ஆள் முன்னுக்கு ஒரு அடி வைத்தால் தளரும். நேசன் வரிசையில் கடைசி ஆளாக நின்றான். எங்களைக் கண்டும் காணாதவன் போலப் பின்னுக்கு நடந்துகொண்டிருந்தான்.

ஹாஜியார் அவனுக்குப் பக்கவாட்டில் நடந்தார். பிறகு என் தோளைத் தட்டி, “கையைப் பார்” என்றார்.

நான் பார்த்தேன். வலை முழுப் பாரமும் பட்டியில் வந்து அவனுடைய இடுப்பைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது. அவனுடைய வலது கை கயிற்றிலேயே இல்லை. ஈயை விரட்டியது, தாடியைச் சொறிந்தது, பிறகு சும்மா தாடையில் போய் இருந்தது. விரல்கள் நாலும் விரிந்து, தூங்குகிற பிள்ளையின் கை மாதிரி.

“தம்பி, இப்ப பாரம் இருக்கா?” என்று ஹாஜியார் கேட்டார்.

“பின்ன? வந்து பிடிச்சுப் பாருங்கோ” என்றான் வெடுக்கென்று.

“கை எங்க இருக்கு?”

அவன் நின்றான். அவனுடைய கை தாடையில் இருந்தது. பின்னால் இழுக்காமல் நின்றதால் முன்னால் நின்றவர்கள், “என்னடா, நித்திரையோ?” என்று கத்தினார்கள். திரும்பவும் நடந்தான். ஆனால் அதற்குப் பிறகு வலை கரைக்கு வரும் வரை தன் கையையே பார்த்துக்கொண்டு வந்தான்.

மீன் கொட்டியதும் ரெஜினாவும் மற்றப் பெண்களும் கூடையோடு வந்தார்கள். ஹாஜியார் பொக்கற்றிலிருந்து ஒரு பட்டிக் கொழுக்கியை எடுத்தார். கடையில் இருந்ததில் ஆக மலிவானது.

“சுட்டுவிரல் எங்க ஹாஜியார்? விஞ்சிட்டத்தான் கேக்கோணும்” என்றான் நேசன்.

“நடுவிரலுக்கு இப்ப என்ன வேலை?”

சுற்றி நின்றவர்கள் அந்த விரல் செய்யும் வேலைகளைச் சொல்லத் தொடங்கினார்கள். பெண்கள் நின்றதால் பாதியில் நிறுத்திக்கொண்டார்கள்.

நான் சாவியெடுத்துக் கழுத்து ஆணியைத் தளர்த்தினேன். விசையை உள்ளுக்குக் கொண்டுவந்து அவனுடைய நடுவிரலின் நடு மூட்டில் படிய வைத்து இறுக்கினேன். படிந்தது. இவ்வளவு நாளும் யாரும் செய்து பார்க்காதது அதுதான். விரல் இல்லை என்று நினைத்தபடியால் பட்டியும் வேண்டாம் என்று ஒதுக்கியிருந்தோம். கயிற்றை மாட்டிக் கொடுத்தேன். பாரம் பட்டியில் வந்ததும் அவனுடைய விரல்கள் தாமாக விரிந்தன. ஹாஜியார் வலையைப் பற்றிக் கதை கொடுத்தார். நேசன் பதில் சொல்லிக்கொண்டே இழுத்தான். கயிறு விழவில்லை.

ஒரு குறை இருந்தது. பட்டி தடித்த கைக்குச் செய்தது. கடைசித் துளையில் போட்டாலும் அவனுடைய மணிக்கட்டில் ஆடியது. ஆடுகிறது என்று தெரிந்ததும் கை தாடைக்கு முன்னால் நின்றுவிட்டது. பயம் திரும்பவும் வந்தது.

ஹாஜியார் நேசனை விட்டு ரெஜினாவைப் பார்த்தார். “மகள், இவரை நான் கேக்கல. உங்களைக் கேக்கிறன். நீங்க வேண்டாமெண்டா இதைப் பொக்கற்றில போட்டுக்கொண்டு போறன்.”

ரெஜினா கூடையை மணலில் வைத்தாள். கொழுக்கியை வாங்கிப் பட்டியை இழுத்துப் பார்த்தாள், தையலைத் திருப்பிப் பார்த்தாள்.

“இது ஒரு தையலோ? சாக்குத் தைக்கிறவன் தைச்சிருக்கிறான்.” பிறகு நேசனுடைய இடுப்பைப் பார்த்தாள். “வீட்டில உங்கட பழைய இடுப்புப் பட்டி கிடக்கெல்லோ? அது உங்களை ஒருநாளும் விட்டதில்லை. கடல் கொந்தளிச்ச அண்டைக்கும் விடேல்லை.”

“அதை வெட்டப் போறியோ?”

“வெட்டாமல்? பல்லை வெட்டுறதோ?”

பக்கிளை மட்டும் நான் கடையிலிருந்து அனுப்பினேன். மிச்சமெல்லாம் அவள் தைத்தது. உப்பில் ஊறி, வெயிலில் காய்ந்து, அவனுடைய உடம்புக்குப் பழகிய பட்டி. மணிக்கட்டில் ஒரு சுற்று வந்து அசையாமல் நின்றது. பயிற்றுநர் பார்த்துவிட்டு, “நல்லது, இதோடயே பழகுங்கோ” என்று வில்லை அவனிடமே விட்டார்.

ஆனால் ஒரு நாளில் எல்லாம் சரியாகிவிடவில்லை. கயிற்றில் கை தாடைக்கு வந்தது. வில்லில் சில நேரம் வந்தது, சில நேரம் வரவில்லை. கை வராத நேரம் அம்பை விடாமல் வில்லை இறக்கிவிடுவான். தெரிவுக்கு முந்தின நாள் வரை அப்படித்தான்.

தெரிவு அன்று காலையில் நான் கோவிலுக்குப் போய் செபஸ்தியாருக்கு மெழுகுதிரி கொளுத்தினேன். அம்பு வாங்கிச் சாவுக்குக் கிட்டப் போனவரிடம் அம்பு நல்லாய்ப் போக வேண்டும் என்று கேட்கக் கொஞ்சம் கூச்சமாக இருந்தது. அம்பை விட்டுவிட்டு, கையைப் பார்த்துக்கொள்ளும் என்று கேட்டேன். ஹாஜியாரும் துஆக் கேட்டதாகப் பிறகு சொன்னார்.

மைதானத்துக்கு ரெஜினா அன்றுதான் முதல் முறை வந்தாள். செபமாலையைக் கையில் சுற்றிக்கொண்டு எல்லைக் கயிற்றுக்கு வெளியே எங்களோடு நின்றாள். சோளகம் அடித்தது. நேசன் கோட்டில் நின்று முதல் அம்பை நாணில் வைத்தான். இழுத்தான். கை தாடைக்கு ஒரு சாண் முன்னால் வந்து நின்றது.

மெல்ல இறக்கினான். நேரம் ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்தில் நின்றவர்கள் விட்டு முடித்து அடுத்த அம்பை எடுத்தார்கள். ரெஜினாவின் வாய் செபத்தை நிறுத்திவிட்டது.

நேசன் பட்டியைப் பார்த்தான். மணிக்கட்டை ஒரு முறை குலுக்கினான், கரையில் வலைக்கயிற்றில் சுற்றுப் போட்டுவிட்டு இறுகியிருக்கிறதா என்று இடுப்பைக் குலுக்குகிற மாதிரி. திரும்பவும் இழுத்தான். பாரம் பட்டிக்குப் போனதும் நாலு விரலும் விரிந்தன. கை பின்னுக்கு வந்தது, தாடையில் போய் இருந்தது. காற்று மூச்சு விடும் வரை அங்கேயே இருந்தது. பிறகு நடுவிரல் மெல்ல மடங்கியது.

அம்பு எங்கே போனது என்று நானும் ஹாஜியாரும் தூரத்தில் இலக்கைப் பார்த்தோம். ரெஜினா அங்கே பார்க்கவே இல்லை.

“இஞ்சாருங்கோ! பல்லு?” என்று கத்தினாள்.

நேசன் திரும்பி, ஈ என்று எல்லாப் பல்லையும் காட்டினான். முன்னால் இருந்த ஓட்டையையும் சேர்த்து.

கொழும்பிலிருந்து வந்த நடுவர் என்ன இது என்று பயிற்றுநரைக் கேட்டார். பயிற்றுநர் ஏதோ சிங்களத்தில் விளங்கப்படுத்தினார். நடுவரும் சிரித்தார். அதற்குப் பிறகு அன்று ஒவ்வொரு அம்புக்கும் நேசன் திரும்பிப் பல்லைக் காட்டினான். கடைசியில் பெயர் வாசித்தபோது அவனுடைய பெயரும் இருந்தது.

அதன்பிறகு கடைக்கு வந்தவர்கள் எல்லாரும் “நேசன்ர பட்டி போல ஒண்டு” என்று கேட்டார்கள். ஹாஜியார் ஆணியிலிருந்து கயிற்றை எடுத்து, “முதல் இதை இழுங்க” என்பார். பெருவிரல் கொழுக்கியும் பிறகு விலைப்பட்டது. கதைத்துக்கொண்டு இழுக்கும்போதும் கயிறு விழாத ஒரு ஆசிரியை அதை வாங்கிப் போனார். அவருக்கு அது நன்றாகவே பொருந்தியது.

கடை நடத்தும் தம்பி கேட்டதற்குப் பதில் இதுதான். கயிறு இன்னும் அந்த ஆணியில்தான் தொங்குகிறது. மெசேஜ் போடுகிறவர்களைக் கையோடு கடைக்கு வரச் சொல்லுங்கள்.

நேசன் இப்போது போட்டிகளுக்கு வெளியூர் போகிறான். பட்டி தேய்ந்தால் ரெஜினா புதிதாகத் தைத்துக் கொடுக்கிறாள். போட்டி முடிந்ததும் அங்கிருந்து அவன் வீடியோவில் கோல் எடுப்பான். நான் ஒரு முறை அவர்கள் வீட்டில் இருந்தபோது பார்த்தேன். படம் தெளிந்ததும் அவன் ஒரு சொல்லும் பேசாமல் முதலில் வாயைத் திறந்து காட்டினான். அவள் போனைக் கிட்டக் கொண்டுபோய் ஒவ்வொன்றாகப் பார்த்தாள். எத்தனை புள்ளி என்று அதற்குப் பிறகுதான் கேட்டாள்.